பெருங்குடிப் பக்கம் ஒரு கோவொர்க்கிங் அலுவலகம்: பக்கத்து இருக்கை எவ்வளவு பக்கத்தில் இருக்கிறது?

சென்னையின் பழைய மாமல்லபுரம் சாலையான ஓஎம்ஆரில் கோவொர்க்கிங் இடம், அதாவது பல நிறுவனங்கள் இருக்கைகளை வாடகைக்கு எடுத்துப் பகிர்ந்துகொள்ளும் அலுவலகம், தேடுகிறவர்கள் படிக்கும் விமர்சனங்களில் வைஃபை, காபி, பார்க்கிங், ஏசி இந்த நான்கும் தவறாமல் வந்துவிடும். நாள் முழுக்க அங்கே உட்கார்ந்திருக்கும்போது பக்கத்து ஆளின் முழங்கை எங்கே இருக்கிறது, பின்னால் ஒருவர் நடந்தால் நம் நாற்காலியில் இடிக்கிறதா, சந்தேகம் கேட்க வருகிறவர் எந்தப் பக்கம் வந்து நிற்கிறார் என்பதையெல்லாம் யாரும் எழுதுவதில்லை. எனக்கு அதுதான் முக்கியம். வெளி நிறுவனங்களுக்குக் கணக்கு எழுதுவது, சம்பளப் பட்டியல் போடுவது, ஜிஎஸ்டி தாக்கல் செய்வது என்று வேலை பார்க்கும் சின்னக் குழு எங்களுடையது. பெண்களும் ஆண்களும் ஏறக்குறைய பாதிக்குப் பாதி, இருபத்திரண்டு வயதுப் பெண்ணும் இருக்கிறாள், ஐம்பத்தெட்டு வயதுப் பெரியவரும் இருக்கிறார். பெருங்குடிப் பக்கம் ஒரு கட்டடத்தில் ஒரு வரிசை முழுக்க எடுத்திருக்கிறோம், இடம் பார்த்ததும் நான்தான், யார் எங்கே உட்காருவது என்று தீர்மானிப்பதும் நான்தான். இடத்தின் பெயரை எழுதவில்லை, ஏனென்றால் இங்கே நான் குறை சொல்லப் போகும் பல விஷயங்கள் அந்தச் சாலையில் நான் ஏறி இறங்கிப் பார்த்த மற்ற இடங்களிலும் அப்படியேதான் இருந்தன.

வழக்கமானவற்றை முதலில் முடித்துவிடுகிறேன். இணையம் வேகமாக இருக்கிறது, அறுந்தாலும் மாற்று இணைப்பு உடனே வந்துவிடுகிறது. காபி சுமார். டூவீலர் நிறுத்த இடம் தாராளம், கார் என்றால் ஒன்பதரைக்குள் வந்துவிட வேண்டும். கழிவறை சுத்தம். ஒரு இருக்கைக்கு மாதம் ஏழாயிரத்துச் சொச்சம், ஜிஎஸ்டி தனி.

இனி மேசைக்கு வருகிறேன். இங்கே எல்லாமே பெஞ்ச் மேசைதான், அதாவது ஒரே நீளப் பலகை, இரண்டு பக்கமும் ஆட்கள், நடுவில் ஒரு குட்டித் தடுப்பு. ஒருவருக்கு நாலு அடி என்று விளம்பரத்தில் போட்டிருந்தார்கள், டேப் வைத்து அளந்தால் 105 சென்டிமீட்டர், மூன்றரை அடிகூட முழுசாக இல்லை. அரை அடியில் என்ன வந்துவிடப் போகிறது என்று தோன்றலாம். ஒரு ஆளின் தோள் அகலத்தைக் கழித்தால் பக்கத்துத் தோளுக்கு 60 சென்டிமீட்டர் போல மிச்சம் இருக்கும், இருவரும் கையை அகட்டி மேசைமேல் வைத்தால் அதுவும் பாதியாகிவிடும். மனிதர்கள் ஒருவருக்கொருவர் விடும் தூரத்தை ஆராய்ந்த அமெரிக்க மானுடவியலாளர் எட்வர்ட் ஹால், 1966-இல் வெளிவந்த தன் நூலில், சுமார் 45 சென்டிமீட்டருக்குள் வருவது மிக நெருங்கியவர்களுக்கு, 45 முதல் 120 வரை நண்பர்களுக்கு, அதற்கு மேல் 3.6 மீட்டர் வரை வேலை விஷயமாகப் பேசுகிறவர்களுக்கு என்று பிரித்தார். அது அமெரிக்க நடுத்தர வர்க்கத்தாரைப் பார்த்துச் சொன்ன கணக்கு, ஊருக்கு ஊர் மாறும் என்று அவரே சொல்லியிருக்கிறார், அதனால் சென்டிமீட்டரைப் பிடித்துக்கொண்டு நான் வாதாட வரவில்லை. காலை எட்டரை மணிப் பேருந்தில் இதைவிட நெருக்கமாக நின்றுகொண்டுதான் பாதிப் பேர் அலுவலகத்துக்கே வருகிறார்கள். ஆனால் பேருந்தில் பக்கத்தில் நிற்பவர் யாரென்று தெரியாது, இறங்கினால் முடிந்தது. இங்கே பக்கத்தில் இருப்பவரோடு எட்டு மணி நேரம், நாளைக்கும் அவரேதான், அவர் கையெழுத்துப் போட்டால்தான் நமக்கு லீவு கிடைக்கும் என்ற நிலையும் இருக்கலாம். ஒதுங்கிக்கொள்ளவும் முடியாது, ஒதுங்கினால் அவர் தப்பாக எடுத்துக்கொள்வாரோ என்ற கவலையும் கூடவே வரும்.

இதில் காசு செலவில்லாமல் நாங்கள் சரிசெய்த ஒரு விஷயம் இருக்கிறது. இடது கைப் பழக்கம் உள்ளவரை வரிசையின் இடது ஓரத்தில் உட்கார வைத்தோம். அவர் நடுவில் இருந்தவரை அவருடைய மௌஸ் கையும் இடப்பக்கத்தில் இருந்தவரின் மௌஸ் கையும் ஒரே இடைவெளிக்குள் வந்து இடித்துக்கொண்டே இருந்தன, ஒவ்வொரு முறையும் இருவரும் சாரி சொல்லிக்கொண்டார்கள். இடம் மாறியதும் அது நின்றுவிட்டது. புதிதாக வருகிறவரிடம் எந்தக் கைப் பழக்கம் என்று இப்போது முதல் நாளே கேட்டுவிடுகிறேன்.

எதிர்ப்பக்கம் இருப்பவர் கதை வேறு. நடுத்தடுப்பு மங்கலான அக்ரிலிக், மேசைக்கு மேல் 30 சென்டிமீட்டர்தான். மேசை உயரம் 75, ஆக மொத்தம் தரையிலிருந்து 105. எங்கள் ஆட்கள் நாற்காலியில் உட்கார்ந்திருக்கும்போது கண் இருக்கும் உயரத்தை அளந்தேன், பெரும்பாலானவர்களுக்கு 115-ஐ ஒட்டி வந்தது. அதாவது தலை நிமிர்ந்தால் நேராக எதிர் ஆளின் கண். மானிட்டர் கொஞ்சம் மறைக்கும், லேப்டாப் மட்டும் வைத்து வேலை செய்கிறவர்களுக்கு அதுவும் இல்லை. எங்கள் குழுவில் இரண்டு பேர் எதிர்ப் பார்வையைத் தவிர்ப்பதற்காகவே மானிட்டரை நேர் எதிரே இழுத்து உயர்த்தி வைத்துக்கொண்டார்கள், கழுத்து வலியும் வந்தது. தடுப்பை மாற்றித் தரச் சொன்னதும் துணி ஒட்டிய 50 சென்டிமீட்டர் பலகையைப் பொருத்தித் தந்தார்கள், அதற்கு மாதாமாதம் ஒரு சிறு தொகை கூடுதலாக வாங்குகிறார்கள். கொடுக்கலாம். பேச்சுச் சத்தத்தைத் துணி கொஞ்சம் உள்வாங்கிக்கொள்கிறது, நிமிர்ந்தாலும் எதிர் ஆளின் கண் தெரிவதில்லை, பேச வேண்டுமென்றால் லேசாக எழுந்து பேசுகிறார்கள்.

இப்படித் திறந்து போட்டால் எல்லோரும் கலகலப்பாகப் பேசிக்கொள்வார்கள் என்றுதான் இடத்துக்காரர்கள் சொல்லி விற்கிறார்கள். 2018-இல் ஹார்வர்டைச் சேர்ந்த பெர்ன்ஸ்டீன், டர்பன் என்ற இருவர் இரண்டு பெரிய நிறுவனங்களின் தலைமை அலுவலகங்களில் தடுப்புகளை எடுப்பதற்கு முன்னும் பின்னும் ஊழியர்கள் உடலில் உணர்கருவி அணியச் செய்து அளந்தார்கள். நேருக்கு நேர் பேசுவது சுமார் 70 சதவீதம் குறைந்தது, மின்னஞ்சலும் மெசேஜும் கூடின. எங்கள் வரிசையிலும் ஆரம்பத்தில் அதேதான் நடந்தது, மூன்றடி தூரத்தில் இருப்பவருக்கு டீம்ஸ் என்ற செய்திச் செயலியில் செய்தி அனுப்பிக்கொண்டிருந்தார்கள். அதை நான் ஒட்டாத குணம் என்று பார்க்கவில்லை. சுவர் இல்லாத இடத்தில் ஹெட்செட்டையும் மெசேஜையும் வைத்து ஆளாளுக்குச் சுவர் கட்டிக்கொள்கிறார்கள், அவ்வளவுதான்.

இந்த இடத்தின் மிகப் பெரிய குறை முதுகுக்குப் பின்னால் இருக்கிறது. எங்கள் வரிசைக்கும் பின் வரிசைக்கும் நடுவே, மேசை விளிம்பிலிருந்து மேசை விளிம்புக்கு, நாங்கள் வந்தபோது 150 சென்டிமீட்டர். இரண்டு பக்கமும் ஆள் உட்கார்ந்தால் இரண்டு நாற்காலிகளின் முதுகும் ஏறக்குறைய தொட்டுக்கொள்ளும். நடுவில் இருப்பவர் தண்ணீர் குடிக்கப் போக வேண்டுமென்றால் நாலு பேரின் முதுகை உரசிக்கொண்டு பக்கவாட்டில் நகர வேண்டும். எந்தப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டு நகர்வது? முன்பக்கமாகத் திரும்பினால் ஒருவரின் தலைக்குப் பின்னால் நம் வயிறு, பின்பக்கமாகத் திரும்பினாலும் அதே கஷ்டம்தான். துப்பட்டா நாற்காலிக் கைப்பிடியில் மாட்டும், பை எதிர் ஆளின் தலையில் இடிக்கும். பெண்கள் இரண்டு பேர் தண்ணீர் குடிப்பதையே குறைத்துக்கொண்டார்கள் என்பது எனக்குத் தாமதமாகத்தான் தெரிய வந்தது. மரியாதை, பழக்கவழக்கம் என்று எவ்வளவு பேசினாலும், உரசாமல் போக வழியே இல்லாத இடத்தில் யாரும் நாகரிகமாக நடந்துகொள்ள முடியாது. வழியை அகலப்படுத்தித்தான் ஆக வேண்டும்.

இடத்தைக் கவனித்துக்கொள்ளும் கம்யூனிட்டி மேனேஜரிடம் சொன்னேன். முதலில், எல்லாத் தளத்திலும் இதே அளவுதான் மேடம், யாரும் ஒன்றும் சொன்னதில்லையே என்றார். யாரும் சொல்லமாட்டார்கள், இதைப் புகாராகச் சொல்வதற்கே கூச்சமாக இருக்கும். அவரையும் அவர்கள் அலுவலகப் பையன் ஒருவரையும் எங்கள் வரிசையில் உட்காரச் சொல்லி, இன்னொருவரை ஒரு ஓரத்திலிருந்து மறு ஓரத்துக்கு நடந்து போகச் சொன்னேன். பாதி தூரத்திலேயே அவருக்குப் புரிந்துவிட்டது. அந்த வார இறுதியிலேயே எங்கள் மேசையைச் சுவர்ப் பக்கமாகத் தள்ளி, பின் வரிசையையும் கொஞ்சம் நகர்த்தி, இடைவெளியை 190 ஆக்கினார்கள். அதற்குக் காசு கேட்கவில்லை, அதைப் பாராட்டித்தான் ஆக வேண்டும். 190 இருந்தால் இரு பக்கமும் ஆள் இருக்கும்போதே ஒருவர் நேராக நடந்து போகலாம், யாராவது சாய்ந்து உட்கார்ந்திருந்தால் மட்டும் கேட்டுவிட்டுப் போக வேண்டியிருக்கும். எங்கள் குழுவில் இப்போது ஒரு வழக்கம் வைத்திருக்கிறோம். வழி வேண்டுமென்றால் இரண்டடி தள்ளி நின்று, "கொஞ்சம் முன்னால வந்துக்கோங்க" என்று வாயால் சொல்வது, நாற்காலி நகர்ந்த பிறகே போவது, தோளைத் தொட்டு நகர்த்துவது கிடையாது. சொல்லும்போது சாதாரணமாக இருக்கிறது, ஆனால் இதைச் சொல்லாமல் இடுக்கில் நுழைவதுதான் நம் இயல்பான பழக்கம்.

இங்கே ஒரு விஷயத்தை நினைத்துப் பார்க்க வேண்டும். 1948-ஆம் ஆண்டுத் தொழிற்சாலைச் சட்டத்தில், ஒரு தொழிலாளிக்குக் குறைந்தது 14.2 கன மீட்டர் இடம் வேண்டும், 4.2 மீட்டருக்கு மேல் உள்ள கூரை உயரத்தை அந்தக் கணக்கில் சேர்க்கக் கூடாது என்று எழுதியிருந்தார்கள். மூன்று மீட்டர் உயரக் கூரைக்குக் கணக்குப் போட்டால் ஆளுக்குக் கிட்டத்தட்ட ஐந்து சதுர மீட்டர் தரை. காற்றோட்டத்துக்காகவும் உடல்நலத்துக்காகவும் எழுதியதுதான், ஆனால் ஒரு மனித உடம்புக்கு இவ்வளவு இடம் வேண்டும் என்று எண்ணால் சொல்ல அப்போதே யோசித்திருக்கிறார்கள். எங்கள் வரிசையில் மேசையையும் நாற்காலிக்குப் பின்னால் வரும் பங்கையும் சேர்த்து ஆளுக்கு இரண்டு சதுர மீட்டரைத் தாண்டவில்லை. ஏசி, கார்ப்பெட், சுவரில் ஓவியம் என்று வைத்துவிட்டால் நெரிசல் நெரிசலாகத் தெரிவதில்லை.

சரி, இந்த இடத்தில் எனக்கு ரொம்பப் பிடித்த பொருளைப் பற்றிச் சொல்கிறேன், அது ஒரு பெடஸ்டல். மேசைக்கு அடியில் சக்கரம் வைத்த மூன்று இழுப்பறைப் பெட்டி இருக்குமே, அதேதான், ஆனால் மேலே ஒரு மெத்தை தைத்து வைத்திருக்கிறார்கள். இழுத்துப் போட்டால் ஒரு ஆள் உட்காரலாம். கூடவே வாடகைக்கு மானிட்டர் ஆர்ம் தருகிறார்கள், திரையை எந்தப் பக்கமும் திருப்பலாம். இந்த இரண்டும் சேர்ந்து எங்கள் அலுவலகத்தில் தீர்த்து வைத்த பிரச்சினையைக் கொஞ்சம் விரிவாகவே எழுத வேண்டும்.

கணக்கு வேலையில் ஒருவர் திரையை இன்னொருவர் பார்க்காமல் நாள் ஓடாது. டேலி என்ற கணக்கு மென்பொருளில் ஒரு பதிவு இடிக்கிறது, ஜிஎஸ்டி தளத்தில் ஒரு தொகை ஒத்துப்போகவில்லை, உடனே பெரியவரைக் கூப்பிடுவார்கள். அவர் வந்து பின்னால் நின்று, நாற்காலியின் முதுகில் ஒரு கை, மேசையில் ஒரு கை வைத்துக் குனிந்து பார்ப்பார். உட்கார்ந்திருக்கும் பெண்ணின் காதுக்குப் பக்கத்தில் அவர் முகம், இரண்டு பக்கமும் அவர் கை, நகர இடமில்லை. அவள் ஒரு பக்கமாகச் சாய்ந்து, மூச்சைப் பிடித்துக்கொண்டு, சரி சார் சரி சார் என்று சீக்கிரம் முடித்து அனுப்பிவிடுவாள், கேட்ட சந்தேகம் தீர்ந்திருக்காது. ஒருநாள் அவளே என்னிடம் வந்து, "அக்கா, சார் தப்பானவர் இல்ல, ஆனா எனக்கு ஒரு மாதிரியா இருக்கு" என்றாள். அந்த இரண்டுமே உண்மை. அவர் ஏன் அவ்வளவு குனிகிறார் என்று கவனித்தேன். அவர் போட்டிருப்பது கீழ்ப்பாதியில் படிக்கிற பவர் உள்ள கண்ணாடி, கிட்டப் போய் முகத்தைத் தூக்கினால்தான் சின்ன எழுத்து அவருக்குத் தெரியும். அவருக்கும் முதுகு வலி. இளைய பிள்ளைகள் திரையில் எழுத்தை எறும்பு அளவுக்கு வைத்திருக்கிறார்கள்.

இப்போது எங்களிடம் நடப்பது இப்படி. சந்தேகம் கேட்கிறவர் முதலில் திரையில் எழுத்தைப் பெரிதாக்கிவிட வேண்டும். அப்புறம் பெடஸ்டலை மேசையின் மூலைப் பக்கம் இழுத்துப் போட்டு, "சார், உட்காருங்க, நான் ஸ்க்ரீனைத் திருப்புறேன்" என்று சொல்ல வேண்டும். வந்தவரை உட்காரச் சொல்வது நம் வீட்டுப் பழக்கம், அதில் யாரும் குறை காண முடியாது, பெரியவருக்கு அது மரியாதை. தள்ளி நில்லுங்கள் என்று ஒரு இருபத்திரண்டு வயதுப் பெண் ஐம்பத்தெட்டு வயதுக்காரரிடம் சொல்ல வேண்டிய அவசியமே வராமல் தேவையான தூரம் கிடைத்துவிடுகிறது. இருவர் கண்ணும் ஒரே உயரத்துக்கு வந்துவிடுகின்றன, பக்கவாட்டில் கோணமாக உட்கார்வதால் விருப்பப்பட்டால் முகம் பார்க்கலாம், இல்லையென்றால் இருவரும் திரையைப் பார்க்கலாம். பெரியவர் இப்போது முன்பைவிட அதிக நேரம் உட்கார்ந்து சொல்லிக் கொடுக்கிறார். அந்தப் பெண்ணும் முழுசாகக் கேட்டுக்கொள்கிறாள்.

மூலை என்று நான் அழுத்திச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. ராபர்ட் சொம்மர் என்ற உளவியலாளர் 1950-களில் கனடாவில் ஒரு மனநல மருத்துவமனையின் உணவுக்கூடத்தில் யார் யாரோடு எப்படி உட்கார்ந்து பேசுகிறார்கள் என்று கவனித்தார். நேர் எதிரே இருப்பவர்களையும் பக்கத்தில் ஒட்டி இருப்பவர்களையும் விட, மேசை மூலையின் இரு பக்கம் இருப்பவர்கள்தான் அதிகம் பேசிக்கொண்டார்கள். எல் வடிவத்தில் இருவர் இருக்கும்போது இருவருக்கும் முன்னால் ஒரு பொது இடம் உண்டாகிறது, பார்க்கும் கடமை இருவருக்கும் இல்லை. மீட்டிங் அறை எடுக்கும்போதும் நான் இதைத்தான் பார்க்கிறேன். இங்கே நாலு பேர் அறையில் வட்ட மேசை போட்டிருக்கிறார்கள், நன்றாக இருக்கிறது. ஆறு பேர் அறையில் குறுகலான நீள மேசை, எதிரெதிரே உட்கார்ந்தால் முழங்கால் முட்டும், அதில் சம்பள உயர்வு பற்றியோ வேலையில் வந்த தவறு பற்றியோ பேச உட்கார்ந்தால் விசாரணை மாதிரி ஆகிவிடுகிறது. அப்படிப்பட்ட பேச்சுக்கு நான் வட்ட மேசை அறையை மட்டும்தான் பதிவு செய்கிறேன், அது கிடைக்காவிட்டால் பேச்சை மறுநாளுக்குத் தள்ளிவிடுகிறேன்.

அறைக் கதவுகள் எல்லாம் கண்ணாடி. சிலருக்கு அது பிடிக்காது, எனக்குப் பிடித்திருக்கிறது. ஒரு ஆணும் பெண்ணும் தனியாக உட்கார்ந்து வேலை விஷயம் பேச வேண்டியிருக்கும்போது வெளியிலிருந்து பார்த்தால் தெரியும் என்பதே இருவருக்கும் நிம்மதி. கதவுக்குப் பக்கத்து நாற்காலியை இளையவருக்கு விடுவது என் பழக்கம். எழுந்து போக வேண்டுமென்றால் மற்றவரைத் தாண்டிப் போகும் நிலை அவர்களுக்கு வரக் கூடாது.

ஃபோன் பூத் விஷயத்தில் எனக்குத் திருப்தியில்லை. ஒரு ஆள் நிற்கும் அளவுக்கான பெட்டி, ஆனால் வாடிக்கையாளரோடு ஸ்பீக்கரில் பேச வேண்டும் என்று இரண்டு பேர் அதற்குள் நுழைந்துவிடுகிறார்கள், மற்ற நிறுவனங்களின் ஆட்களும் அதையே செய்கிறார்கள். கதவைச் சாத்தினால் மூக்கும் மூக்கும் ஒரு முழ தூரம். எங்கள் குழுவில் அதைத் தடை செய்துவிட்டேன், இரண்டு பேர் பேச வேண்டுமென்றால் ஒருவர் பூத்திலும் மற்றவர் தன் இடத்திலிருந்தும் இணைந்துகொள்ளட்டும். ஒரு ஆளுக்கு மட்டும் என்று கதவில் ஒரு தாள் ஒட்டுங்கள் என்று கேட்டேன், அழகு கெட்டுவிடும் என்று இன்னும் ஒட்டவில்லை.

ஹெட்செட் மாட்டியிருப்பவரைக் கூப்பிடுவது இன்னொரு தலைவலி. பின்னால் போய்த் தோளைத் தட்டினால் திடுக்கிட்டுப் போகிறார்கள். பக்கவாட்டில், அவர் கண்ணுக்குத் தெரியும் இடத்தில் போய் நின்று மேசை ஓரத்தில் விரலால் இரண்டு தட்டுத் தட்டினால் போதும். ஆண்கள் தங்களுக்குள் தோளில் கை போட்டுக்கொள்வது, முதுகில் தட்டுவது எல்லாம் நம்மிடம் சகஜம், அதில் எனக்கு ஆட்சேபம் இல்லை, ஆனால் எல்லா ஆண்களுக்கும் அது பிடிக்கும் என்று எடுத்துக்கொள்ளவும் கூடாது. எங்களிடம் ஒரு தம்பி, நண்பர் கை போடும்போதெல்லாம் கையிலிருக்கும் கோப்பையை வைக்கிற மாதிரி குனிந்து நழுவிக்கொண்டே இருந்தான். ஆண்பிள்ளைக்கு என்ன கூச்சம் என்று சொல்லிவிடுவார்களோ என்று வாய் திறக்கவில்லை. அவன் நண்பரிடம் நான் தனியாகச் சொன்னேன், அவரும் நிறுத்திக்கொண்டார், நட்பு ஒன்றும் குறையவில்லை.

நெருங்கி நிற்பதற்கு இன்னொரு காரணம் சத்தம். ஏசி இரைச்சலுக்கு நேர் கீழே இருக்கும் நாலு இருக்கைகளில் பேசினால் காதில் விழாது, கேட்பதற்காக ஆட்கள் கிட்டக் கிட்ட வருகிறார்கள். அந்த இருக்கைகளை எடுக்காதீர்கள், அல்லது அதிகம் பேச வேண்டியில்லாத வேலைக்காரர்களுக்குக் கொடுங்கள்.

காபி எடுக்கும் பேன்ட்ரி ஒரு சந்து. காபி இயந்திரம் கடைசியில், சுவரைப் பார்த்தபடி. கோப்பையை நிரப்புகிறவரின் முதுகுக்குப் பின்னால் வரிசை நிற்கிறது, நிரப்பியவர் சூடான கோப்பையோடு எல்லோரையும் உரசிக்கொண்டு திரும்ப வேண்டும். இயந்திரத்தை வாசல் பக்கம் கொண்டுவந்தால் தீர்ந்துவிடும், மின் இணைப்பு அங்கே இல்லை என்கிறார்கள். மதியச் சாப்பாட்டு மேசைகள் மட்டும் அகலமாக இருக்கின்றன, டிபன் பாக்ஸைத் திறந்து வைத்து ஒருவர் குழம்பை ஒருவர் எடுத்துக்கொள்ளும்போது யாருக்கும் இடம் போதவில்லை என்று தோன்றுவதில்லை.

தரை துடைக்கும் அக்காவைப் பற்றி எழுதாமல் விட முடியாது. பதினொரு மணிக்கு எல்லோரும் உட்கார்ந்திருக்கும்போது மாப்பை எடுத்துக்கொண்டு வருவார், மேசைக்கு அடியில் துடைக்க வேண்டும், காலைத் தூக்கிக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள், அவர் அவர்கள் முழங்காலுக்குக் கீழே குனிந்து துடைப்பார். பார்க்கவே எனக்குக் கஷ்டமாக இருந்தது. எப்படி இருந்தால் வசதி என்று அவரிடமே கேட்டேன். "நீங்க வர்றதுக்கு முன்னாடி துடைச்சா யாருக்கும் தொந்தரவு இல்லம்மா, சூப்பர்வைசர்தான் இந்த டைம் போட்டுருக்காரு" என்றார். நேரத்தை எட்டு மணிக்கு மாற்ற வைத்தோம். இன்னொன்று, அவருக்கும் வாசலில் நிற்கும் செக்யூரிட்டி அண்ணனுக்கும் உட்கார நாற்காலி இல்லாமல் இருந்தது. தமிழ்நாடு கடைகள் மற்றும் நிறுவனங்கள் சட்டத்தில் 2021-இல் திருத்தம் கொண்டுவந்து, வேலை செய்கிற எல்லோருக்கும் இருக்கை வசதி தர வேண்டும் என்று சேர்த்திருக்கிறார்கள். துணிக்கடை, நகைக்கடைகளில் நாள் முழுக்க நின்ற பெண்களின் கோரிக்கையால் பெரிதாகப் பேசப்பட்ட விஷயம் அது. அதை எடுத்துச் சொன்னதும் இரண்டு நாற்காலி வந்தது. நூற்றுக்கணக்கான நாற்காலியை வாடகைக்கு விடுகிற இடத்தில் இதைக் கேட்டு வாங்க வேண்டியிருந்தது எனக்குக் கோபத்தைத் தந்தது.

கடைசியாக, கூச்சம் என்ற அளவைத் தாண்டிப் போகும் விஷயம். பணியிடத்தில் பெண்கள் மீதான பாலியல் துன்புறுத்தலைத் தடுக்கும் 2013-ஆம் ஆண்டுச் சட்டம், விரும்பத்தகாத உடல் தொடுதலைத் தெளிவாகச் சொல்கிறது, செய்தவருக்கு என்ன எண்ணம் இருந்தது என்பதோடு விஷயம் முடிவதில்லை. பத்துப் பேரும் அதற்கு மேலும் வேலை செய்யும் ஒவ்வொரு நிறுவனமும் புகாரை விசாரிக்க உள்ளகக் குழு அமைக்க வேண்டும், அதன் தலைவர் மூத்த பெண் ஊழியராக இருக்க வேண்டும், வெளியிலிருந்து ஒரு உறுப்பினர் வேண்டும். பத்துக்குக் குறைவான நிறுவனங்களின் பெண்கள் மாவட்ட அளவில் உள்ள உள்ளூர்க் குழுவிடம் போகலாம். பொதுவாக மூன்று மாதத்துக்குள் எழுத்தில் புகார் தர வேண்டும். கோவொர்க்கிங் கட்டடத்தில் இருக்கிற சிக்கல், தொல்லை தருகிறவர் வேறு நிறுவனத்து ஆளாக இருக்கலாம் என்பது. பணியிடத்தில் தொடர்புக்கு வரும் வெளி ஆட்களிடமிருந்தும் பாதுகாப்புத் தருவது வேலை கொடுப்பவரின் கடமை என்று அதே சட்டம் சொல்கிறது, ஆக இது எங்கள் பொறுப்பும்தான். இடத்துக்காரர்களிடம் அவர்களுடைய குழுவில் யார் யார், பேன்ட்ரியில் வேறு நிறுவனத்து ஆள் தொல்லை தந்தால் யாரிடம் போவது என்று கேட்டேன். லிஃப்ட் பக்கத்தில் ஒரு பொதுவான சுவரொட்டி மட்டும்தான் இருந்தது, பெயர் இல்லை. இப்போது பெயர்களும் எண்களும் போட்ட பலகை பேன்ட்ரி வாசலில் இருக்கிறது. நீங்கள் இடம் பார்க்கப் போகும்போது வைஃபை வேகத்தைக் கேட்பதற்கு முன்னால் இதைக் கேளுங்கள், பதில் சொல்பவர் தடுமாறுகிறாரா என்று பாருங்கள்.

யாருக்கு இந்த இடம் சரியாக வரும் என்றால், பத்துப் பேருக்கு மேல் இருந்து, ஒரு வரிசையை முழுசாக எடுத்து, மேசையை நகர்த்தச் சொல்லும் அளவுக்குப் பேரம் பேச முடிந்தவர்களுக்கு. தனியாளாக ஒரே ஒரு இருக்கை எடுக்கிறவர்களுக்கு நான் சொல்லமாட்டேன், நடுவில் ஒரு இடம் கொடுத்துவிடுவார்கள், பின்னால் 150 சென்டிமீட்டர்தான் இருக்கும். அப்படியும் எடுப்பதென்றால் வரிசை ஓரத்து இருக்கையைக் கேட்டு வாங்குங்கள், பெடஸ்டல் மெத்தை வைத்ததா என்று பாருங்கள், ஒரு டேப் கையில் இருக்கட்டும்.

அடுத்த மாதம் எங்கள் ஒப்பந்தம் முடிகிறது, புதுப்பிக்கத்தான் போகிறோம். இரண்டு நிபந்தனைகளை எழுத்தில் கேட்டிருக்கிறேன். முதலாவது, எங்களுக்குப் பின்னால் உள்ள 190 சென்டிமீட்டர் வழி ஒப்பந்தக் காலம் முழுக்கக் குறையக் கூடாது, பின் வரிசைக்கு யார் வந்தாலும் சரி. இரண்டாவது, ஃபோன் பூத்துக்குப் பக்கத்தில் இருவர் உட்கார்ந்து பேசும்படி ஒரு சின்ன அறை. முதலாவதற்கு ஒத்துக்கொண்டார்கள். இரண்டாவதற்குக் கட்டட உரிமையாளரைக் கேட்க வேண்டும் என்று சொல்லியிருக்கிறார்கள்.